அன்னா ஸேகர்ஸ்: ‘ஏழாவது சிலுவை’ எழுதியவர் 1957-இல் ஏன் பேசவில்லை?

கரிசல்காட்டான்

அரசியல் நாவல் என்றாலே கோஷம்தான், கலை கிடையாது என்று இங்கே அடிக்கடி ஒரு பேச்சு வருகிறது. அதற்குப் பதிலாக ஒரே ஒரு புத்தகத்தை முன்வைக்கிறேன். ஜெர்மன் நாவலாசிரியை அன்னா ஸேகர்ஸ் 1942-இல் வெளியிட்ட ‘ஏழாவது சிலுவை’.

கதை 1937-இல் நடக்கிறது. ரைன் நதிப் பக்கம் வெஸ்ட்ஹோஃபன் என்றொரு வதைமுகாம். அங்கிருந்து ஏழு கைதிகள் தப்பிவிடுகிறார்கள். முகாம் தலைவன் ஃபாரன்பெர்க் அங்கே நிற்கும் ஏழு மரங்களின் தலையை வெட்டி, குறுக்கே பலகை அடிக்கச் சொல்கிறான். ஏழு பேரையும் பிடித்துவந்து அவற்றில் நிறுத்துவது அவன் திட்டம். ஒருவர் பின் ஒருவராகச் சிக்குகிறார்கள். சர்க்கஸ் கலைஞர் பெல்லோனி ஃபிராங்ஃபர்ட்டில் கூரையிலிருந்து குதித்துவிடுகிறார். ஃபுல்கிராபே பயந்துபோய்த் தானே சரணடைகிறான். வயதான விவசாயி ஆல்டிங்கர் சொந்த ஊர் கண்ணில் படும் இடம்வரை நடந்து, அங்கேயே விழுந்து சாகிறார். கெயோர்க் ஹைஸ்லர் என்ற மெக்கானிக் மட்டும் கிடைக்கவே இல்லை.

நான் பேச நினைப்பது ஹைஸ்லரைப் பற்றியல்ல, ஒரு மேல்சட்டையைப் பற்றி. ஓடும் வழியில் ஹைஸ்லர் ஒரு கொட்டகையிலிருந்து சட்டையைத் திருடிப் போட்டுக்கொள்கிறான். அது ஹெல்விக் என்ற பையனுடையது. தோட்டக்கலை படிக்கிறவன், ஹிட்லர் இளைஞர் படையில் இருக்கிறவன். ஆசை ஆசையாக வாங்கிய புதுச் சட்டை என்பதால் முதலில் ஆத்திரம் தாங்கவில்லை. நாள் போகப் போக, தன் சட்டையைப் போட்டுக்கொண்டு ஓடுகிறவன் யார், அவனை எதற்குத் துரத்துகிறார்கள் என்று யோசிக்க ஆரம்பிக்கிறான். போலீஸ் அந்தச் சட்டையைக் கண்டெடுத்துக் கொண்டுவந்து காட்டும்போது, “இது என்னுடையது இல்லை” என்று சொல்லிவிடுகிறான்.

அவ்வளவுதான். மனம் மாறினான் என்று ஆசிரியர் எங்கேயும் எழுதவில்லை. ஒரு அரசின் பிடி எங்கே முதலில் நழுவுகிறது என்பதை இதைவிடத் துல்லியமாகக் காட்டிய பக்கங்களை நான் படித்ததில்லை. படித்தவர்கள் வாருங்கள், பேசுவோம்.

தேன்மொழி

நல்ல தொடக்கம் அண்ணா. தெரியாதவர்களுக்காக அவர் வாழ்க்கையைச் சுருக்கமாகப் போடுகிறேன்.

சொந்தப் பெயர் நெட்டி ரைலிங். 1900 நவம்பர் 19 அன்று மைன்ஸ் நகரில் வசதியான யூதக் குடும்பத்தில் பிறந்தார். அப்பா கலைப்பொருள் வியாபாரி. ஹைடெல்பெர்க் பல்கலைக்கழகத்தில் 1924-இல் முனைவர் பட்டம் வாங்கினார். ஆய்வு, ரெம்பிராண்டின் ஓவியங்களில் யூதர்கள் பற்றியது. ஹெர்குலிஸ் ஸேகர்ஸ் என்ற டச்சு ஓவியரின் பெயரைத்தான் புனைபெயராக எடுத்துக்கொண்டார். 1925-இல் லாஸ்லோ ராட்வான்யி என்ற ஹங்கேரியரைத் திருமணம் செய்தார். அவர் பெர்லினில் மார்க்சியத் தொழிலாளர் பள்ளியை நடத்தியவர். மகன் ஒருவர், மகள் ஒருவர்.

1928 அவர் வாழ்க்கையில் பெரிய வருடம். மீனவர் கலகம் ஒன்றைப் பற்றிய குறுநாவலுக்குக் கிளைஸ்ட் பரிசு கிடைத்தது, அதே வருடம் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்தார். ஹிட்லர் வந்ததும் நாஜிகளின் ரகசியப் போலீஸான கெஸ்டபோ அவரைப் பிடித்து விசாரித்துவிட்டு விடுவித்தது. சுவிட்சர்லாந்து வழியாகப் பாரிஸுக்குத் தப்பினார். ‘ஏழாவது சிலுவை’ எழுதப்பட்டது அங்கேதான், அகதியாக இருந்தபோது.

அண்ணா சொன்ன வெஸ்ட்ஹோஃபன் கற்பனைப் பெயர். ஆனால் மைன்ஸுக்குத் தெற்கே ஓஸ்ட்ஹோஃபன் என்ற ஊரில் பழைய காகித ஆலையில் 1933 மார்ச் முதல் 1934 ஜூலை வரை நிஜமாகவே ஒரு முகாம் இயங்கியது. இன்று அது நினைவிடம். நாவலில் வரும் ஆற்றங்கரை, பழத்தோட்டங்கள், ஹைஸ்லர் ஒரு ராத்திரி ஒளிந்திருக்கும் மைன்ஸ் தேவாலயம் எல்லாம் அவர் சின்ன வயதில் பார்த்து வளர்ந்த இடங்கள். திரும்பிப் போகமுடியாத ஊரைப் பாரிஸில் உட்கார்ந்து தெருத்தெருவாக எழுதியிருக்கிறார்.

நிலாமுற்றம்

நான் படித்தது அவருடைய இன்னொரு நாவலான ‘டிரான்சிட்’ மட்டும்தான், அதுவும் இயக்குநர் பெட்சோல்ட் அதை வைத்து எடுத்த 2018 படம் பார்த்த பிறகு. ‘ஏழாவது சிலுவை’யும் படமாக வந்ததா?

தேன்மொழி

வந்தது. 1944-லேயே, போர் நடந்துகொண்டிருக்கும்போதே ஹாலிவுட்டில் எடுத்துவிட்டார்கள். ஃபிரெட் ஸின்னமன் இயக்கம், ஹைஸ்லராக ஸ்பென்சர் டிரேசி. புத்தகமும் அமெரிக்காவில் பெரிய வெற்றி. ஒரு நொடி தோன்றும் வாசல்காரப் பெண் வேடத்தில் நடித்தவர் நாடகாசிரியர் பிரெக்டின் மனைவி ஹெலனே வைகல். அவ்வளவு பெரிய நாடக நடிகைக்கு அகதி வாழ்க்கையில் கிடைத்த வேடம் அது. படம் பரவாயில்லை, ஆனால் நாவலின் பலமே கூட்டத்தில்தான் இருக்கிறது. படத்தில் டிரேசியின் முகம்தான் நிற்கிறது.

வடகரை

வாழ்க்கை வரலாறு 1944-இல் நின்றுவிடக் கூடாது. மீதியையும் சொல்லுங்கள்.

1947-இல் ஜெர்மனி திரும்பினார், சரி. கிழக்கு ஜெர்மனியைத் தேர்ந்தெடுத்தார், அதுவும் அவர் உரிமை. 1951-இல் ஸ்டாலின் அமைதிப் பரிசு. 1952 முதல் 1978 வரை கிழக்கு ஜெர்மனி எழுத்தாளர் சங்கத்தின் தலைவர். அந்த 26 வருடங்களில் என்னென்ன நடந்தது? 1953-இல் தொழிலாளர் எழுச்சியை டாங்கிகளால் அடக்கினார்கள். 1961-இல் பெர்லின் சுவர். 1976-இல் பாடகர் வொல்ஃப் பீர்மனின் குடியுரிமையைப் பறித்தார்கள். சக எழுத்தாளர்கள் பலர் கையெழுத்துப் போட்டுக் கண்டித்தார்கள், அதில் அன்னா ஸேகர்ஸ் இல்லை.

சுவர் எழுந்த மறுநாள், 1961 ஆகஸ்ட் 14 அன்று, மேற்கு ஜெர்மன் எழுத்தாளர் குண்டர் கிராஸ் அவருக்கு ஒரு திறந்த கடிதம் எழுதினார். என் தலைமுறைக்கு நியாயம் எது அநியாயம் எது என்று சொல்லிக்கொடுத்தது உங்கள் புத்தகம்தான், அதனால் நீங்கள் பேசியாக வேண்டும் என்பது அதன் சாரம். வெஸ்ட்ஹோஃபன் தலைவனோடு கிழக்கு ஜெர்மனியின் தலைவர் வால்டர் உல்பிரிஷ்டை ஒப்பிடும் அளவுக்குப் போனார். அன்னா ஸேகர்ஸ் பேசவில்லை.

சட்டையைத் தன்னுடையது இல்லை என்று சொன்ன பையனைப் படைத்தவருக்கு, தன் முறை வரும்போது அந்தப் பையனின் துணிச்சல் இல்லையே. இதை எப்படி எடுத்துக்கொள்வது என்று எனக்கு உண்மையாகவே புரியவில்லை.

அச்சுக்கூடம்

வடகரை தம்பி கேட்டது நியாயமான கேள்வி. இன்னும் கூர்மையான ஒரு விஷயம் இருக்கிறது, அதை நான் சொல்கிறேன். வால்டர் யாங்கா.

வாழ்நாள் முழுக்க அச்சகத்தில் கம்பாசிட்டராக இருந்தவன் நான். யாங்காவும் அச்சுக்கோக்கும் தொழிலாளிதான், கெம்னிட்ஸ் ஊர்க்காரர். நாஜிகள் அவரை பௌட்சன் சிறையில் அடைத்தார்கள், அப்புறம் முகாமில் போட்டார்கள். வெளியே வந்து ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் குடியரசுப் பக்கம் நின்று சண்டை போட்டார். பிரான்ஸில் லெ வெர்னே முகாமில் அடைபட்டார், பிறகு மெக்சிகோ போய்ச் சேர்ந்தார். அங்கே ஜெர்மன் அகதிகள் நடத்திய எல் லிப்ரோ லிப்ரே பதிப்பகத்தின் பொறுப்பாளர் அவர். ‘ஏழாவது சிலுவை’யின் முதல் ஜெர்மன் பதிப்பு வந்தது எங்கே தெரியுமா? அந்தப் பதிப்பகத்தில்தான். ஜெர்மனிக்குள் எவனும் அச்சிடமுடியாத புத்தகத்தை, ஸ்பானிஷ் பேசும் ஊரில், ஜெர்மன் தெரியாத தொழிலாளிகளை வைத்து எழுத்தெழுத்தாகக் கோத்து வெளியே கொண்டுவந்தார்கள். தெரியாத மொழியில் கோப்பது எவ்வளவு சள்ளை பிடித்த வேலை என்று தொழில் செய்தவனுக்குத் தெரியும். ஒவ்வொரு வரிக்கும் புரூஃப் பார்த்தாக வேண்டும்.

போர் முடிந்து எல்லோரும் கிழக்கு பெர்லின் திரும்பினார்கள். யாங்கா ஆஃப்பாவ் பதிப்பகத்தின் தலைவரானார், அன்னா ஸேகர்ஸின் பதிப்பாளரும் அவர்தான். 1956-இல் ஹங்கேரியில் கிளர்ச்சி. புடாபெஸ்டில் இருந்த மார்க்சியத் தத்துவவாதி கியோர்கி லூகாச் என்ன ஆனாரோ என்று கிழக்கு பெர்லினில் கவலை. யாங்கா பின்னாளில் எழுதியதன்படி, அவரைக் காப்பாற்றி அழைத்துவர வேண்டும் என்று கேட்டதே அன்னா ஸேகர்ஸ்தான். கலாச்சார அமைச்சர் யோஹன்னஸ் பெஷரும் ஒப்புக்கொண்டார். யாங்கா காரில் போய் அழைத்துவருவதாக ஏற்பாடு. கடைசி நேரத்தில் உல்பிரிஷ்ட் தடுத்துவிட்டார்.

டிசம்பரில் யாங்காவைக் கைது செய்தார்கள். 1957 ஜூலையில் விசாரணை. எதிர்ப்புரட்சிச் சதி என்று குற்றச்சாட்டு, லூகாசை அழைத்துவரும் திட்டமும் அதில் ஒரு சாட்சியமாக வந்து நின்றது. பார்வையாளர் வரிசையில் அன்னா ஸேகர்ஸ் உட்கார்ந்திருந்தார். ஹெலனே வைகலும் இருந்தார், எழுத்தாளர் வில்லி பிரெடலும் இருந்தார். “நான்தான் அவரைப் போகச் சொன்னேன்” என்று எழுந்து சொல்ல ஒரு வரி போதும். யாரும் எழவில்லை. ஐந்து வருடத் தண்டனை. எந்தச் சிறை? பௌட்சன். நாஜிகள் அடைத்த அதே ஊர்.

இதையெல்லாம் யாங்கா 1989-இல்தான் புத்தகமாக எழுதினார். அந்த வருடம் அக்டோபர் கடைசியில், சுவர் விழுவதற்குச் சில நாள் முன்பு, பெர்லின் டாய்ச்சஸ் தியேட்டரில் நடிகர் உல்ரிஷ் மூஹே அதை மேடையில் வாசித்தார். அன்னா ஸேகர்ஸ் 1983-லேயே இறந்துவிட்டார், பதில் சொல்ல ஆள் இல்லை.

வடகரை

ஐயா, பௌட்சன் விஷயம் எனக்குத் தெரியாது. படித்துவிட்டுச் சிறிது நேரம் எதுவும் எழுதத் தோன்றவில்லை.

நிலாமுற்றம்

இடையில் புகுவதற்கு மன்னிக்கவும். ‘டிரான்சிட்’ பற்றியும் பேச வேண்டும் என்று தோன்றுகிறது, ஏனென்றால் ஒரு ஆள் ஏன் ஒரு அரசைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்கிறார் என்பதற்கு அதில் விடை இருக்கலாம்.

1940-இல் ஜெர்மன் படை பாரிஸுக்குள் வந்தபோது அவர் கணவர் லெ வெர்னே முகாமில் இருந்தார். இரண்டு குழந்தைகளைக் கூட்டிக்கொண்டு அன்னா ஸேகர்ஸ் தெற்கே மார்சேய் துறைமுகத்துக்கு வந்து சேர்ந்தார். அங்கே மாட்டிக்கொண்ட அகதிகளின் நிலைமை இப்படி: ஊரில் தங்க அனுமதி வேண்டுமானால், ஊரை விட்டுப் போகப் போகிறோம் என்று நிரூபிக்க வேண்டும். போக வேண்டுமானால் ஏற்றுக்கொள்ளும் நாட்டின் விசா வேண்டும். வழியில் இருக்கும் நாடுகளைக் கடக்கத் தனி விசா. கப்பல் சீட்டு. பிரான்ஸை விட்டு வெளியேறத் தனி அனுமதி. ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு காலக்கெடு. கடைசிக் காகிதம் கைக்கு வரும்போது முதல் காகிதம் காலாவதியாகியிருக்கும். திரும்ப முதலிலிருந்து வரிசையில் நிற்க வேண்டும். நாவலில் ஒரு இசை நடத்துநர் எல்லாக் காகிதமும் ஒருவழியாகக் கூடிவரும் நேரத்தில் செத்துப்போகிறார்.

கதைசொல்லிக்குப் பெயரே கிடையாது. பாரிஸ் விடுதியில் தற்கொலை செய்துகொண்ட வைடல் என்ற எழுத்தாளரின் பெட்டி அவன் கைக்கு வருகிறது, கூடவே அவர் பெயரில் வந்த மெக்சிகோ விசாவும். இதற்குப் பின்னால் நிஜ மரணம் ஒன்று உண்டு. ஜெர்மன் படை நுழைந்தபோது பாரிஸில் தன்னை மாய்த்துக்கொண்ட எழுத்தாளர் எர்ன்ஸ்ட் வைஸ்.

அன்னா ஸேகர்ஸ் குடும்பத்துக்கும் மெக்சிகோதான் கதவைத் திறந்தது. மார்சேயில் மெக்சிகோவின் கான்சல் ஜெனரலாக இருந்த கில்பெர்த்தோ போஸ்கெஸ் ஆயிரக்கணக்கானவர்களுக்கு விசா கொடுத்தவர். 1941 மார்ச்சில் அவர்கள் கிளம்பிய கப்பலில் மானுடவியலாளர் லெவி-ஸ்ட்ராஸ், கவிஞர் ஆந்த்ரே பிரெத்தோன், எழுத்தாளர் விக்டர் செர்ஜ் எல்லோரும் இருந்தார்கள். மார்த்தினிக் தீவு, நியூயார்க் எல்லிஸ் தீவு என்று அலைந்து, அமெரிக்கா உள்ளே விடாததால், ஜூன் கடைசியில்தான் அன்னா குடும்பத்தினர் மெக்சிகோவில் கால் வைத்தார்கள். கப்பல் பயணத்திலேயே ‘டிரான்சிட்’டை அன்னா எழுத ஆரம்பித்துவிட்டார்.

தேன்மொழி

நன்றி நிலா. நீ விட்ட இடத்திலிருந்து நான் தொடர்கிறேன், ஏனென்றால் அவர் எழுதியதிலேயே எனக்கு உயிரானது மெக்சிகோவில் எழுதிய ஒரு கதை.

அன்னாவின் அப்பா 1940-இல் இறந்துவிட்டார். அம்மா ஹெட்விக் மைன்ஸில் தனியாக இருந்தார். அவரை வெளியே எடுக்க அன்னா எவ்வளவோ முயன்றார். 1942 மார்ச்சில் அம்மாவைப் போலந்தில் லூப்ளின் அருகே பியாஸ்கி என்ற இடத்துக்கு நாடுகடத்தினார்கள். திரும்பவில்லை. 1943-இல் மெக்சிகோ நகரில் கார் மோதி அன்னாவுக்குத் தலையில் பலத்த காயம். நாட்கணக்கில் சுயநினைவு இல்லை, நினைவாற்றல் மெல்ல மெல்லத்தான் திரும்பியது.

அதன் பிறகு எழுதியதுதான் ‘இறந்த சிறுமிகளின் உல்லாசப் பயணம்’. மெக்சிகோவின் காய்ந்த மலைச்சரிவில் நடக்கும் ஒரு பெண்ணை யாரோ “நெட்டி” என்று கூப்பிடுகிறார்கள். பள்ளிப் பெயர். சட்டென்று முதல் உலகப் போருக்கு முந்தைய ஒரு நாள் திறக்கிறது. வகுப்புப் பெண்கள் ரைன் கரைத் தோட்டத்தில் ஊஞ்சலாடுகிறார்கள், காபி குடிக்கிறார்கள். ஒவ்வொரு முகம் வரும்போதும் அந்தப் பெண்ணுக்குப் பின்னால் என்ன ஆகப்போகிறது என்பதும் அதே வாக்கியத்தின் தொடர்ச்சியாக வந்துவிடுகிறது. லேனியும் மரியானேயும் இணைபிரியாத தோழிகள். பின்னாளில் லேனி வதைமுகாமில் சாவாள், அவள் குழந்தைக்கு உதவி செய்ய மரியானே மறுப்பாள். யூத ஆசிரியை ஸிஷலுக்கு ஓடி ஓடிப் பணிவிடை செய்யும் நோரா, நாஜி காலத்தில் அதே ஆசிரியையை ஆற்றங்கரை பெஞ்சிலிருந்து விரட்டுவாள். கடைசியில் நெட்டி வீட்டுக்குப் போகிறாள். அம்மா மாடி பால்கனியில் நிற்பது தெரிகிறது. படிகள் ஏற ஏற முடியவில்லை, அம்மாவிடம் போய்ச் சேர முடியவில்லை.

நான் சொல்ல வருவது இதுதான். அம்மாவைக் கொன்ற நாட்டுக்குத் திரும்பி வந்தவர் அவர். மேற்கில் பழைய நாஜி அதிகாரிகள் மறுபடியும் நாற்காலிகளில் உட்கார்ந்திருந்தார்கள். கிழக்கு ஜெர்மனி ஒன்றுதான் நாஜிகளோடு சண்டை போட்டவர்கள் கட்டிய நாடு என்று நம்பினார். அதை வெளியில் குறை சொன்னால் எதிரிக்கு உதவியதாகிவிடும் என்ற பயம் அந்தத் தலைமுறைக்கு எலும்புவரை இருந்தது. யாங்கா வழக்கை இது நியாயப்படுத்தாது. ஆனால் பதவி ஆசை, சுகவாசம் என்று சுருக்கிவிட முடியாது. கிழக்கு பெர்லினின் அட்லர்ஸ்ஹாஃபில் சாதாரண அடுக்குமாடி வீட்டில்தான் கடைசிவரை வாழ்ந்தார்.

வடகரை

சுகவாசம் என்று நான் சொல்லவில்லை அக்கா. எளிமையாக வாழ்ந்தவர்தான். ஆனால் எதிரிக்கு உதவிவிடுவோமோ என்ற பயம்தானே எல்லாக் கட்சியிலும் எல்லா அநியாயத்தையும் மூடி வைக்கிறது? யாங்காவும் அதே அகதி வாழ்க்கையிலிருந்து, அதே முகாம்களிலிருந்து வந்தவர். அவர் அண்ணனையே 1933-இல் நாஜிகள் கொன்றார்கள். அவருக்கு அந்தப் பயம் வரவில்லையே.

கரிசல்காட்டான்

எல்லோரும் எழுதியதைப் படித்துவிட்டு வாலாவ் அத்தியாயத்தைத் திரும்பப் படித்தேன். தப்பிய ஏழு பேரில் மூத்த தோழர் வாலாவ். பிடிபட்டதும் விசாரணைக்கு இழுத்து வருகிறார்கள். பெயர் என்ன, ஹைஸ்லர் எங்கே என்று கேள்வி மேல் கேள்வி. வாலாவ் வாயே திறப்பதில்லை. ஒவ்வொரு கேள்விக்கும் பதில் அவர் மனசுக்குள் மட்டும் ஓடுகிறது. தன்னை ஏற்கனவே இறந்தவனாக எண்ணிக்கொண்டுவிட்டார். எதிரே உட்கார்ந்திருக்கும் அதிகாரிக்கே இந்த ஆளிடம் எதுவும் பெயராது என்று தெரிந்துபோகிறது. உலக இலக்கியத்தில் மௌனத்தைப் பற்றி இப்படி ஒரு காட்சி அபூர்வம்.

அதை எழுதியவர் 20 வருடம் கழித்து நீதிமன்றத்தில் மௌனமாக உட்கார்ந்திருக்கிறார். வாலாவின் மௌனம் தோழனைக் காப்பாற்றியது, இவருடையது தோழனைக் கைவிட்டது. இந்த வித்தியாசம் அவருக்கே தெரியாமல் இருந்திருக்காது என்று சொல்ல என்னிடம் ஒரு காரணம் உண்டு. அந்த வழக்கையொட்டிய காலத்தில் ‘நீதியுள்ள நீதிபதி’ என்று ஒரு கதை எழுதத் தொடங்கினார். ஒரு சோஷலிச நாட்டில், குற்றமற்ற ஒருவனைத் தண்டிக்கச் சொல்லி இளம் நீதிபதிக்கு மேலிடத்து உத்தரவு வருகிறது. அவன் மறுக்கிறான், மறுத்ததற்காக அவனே கைதியாகிறான். முடிக்காத அந்தக் கதை மேஜை இழுப்பறையிலேயே கிடந்தது. வெளிவந்தது 1990-இல், அவர் இறந்து ஏழு வருடம் கழித்து.

வாய் திறக்காதவருக்கு என்ன சொல்லியிருக்க வேண்டும் என்று தெரிந்திருந்தது. அதைக் கதையாகவும் எழுதினார். வெளியிடவில்லை. எனக்கு இது வடகரை சொல்வதைவிடவும் பெரிய துயரமாகத் தெரிகிறது.

அச்சுக்கூடம்

தம்பி, கதை நல்ல கதையாக இருக்கலாம். யாங்கா 1960 கடைசிவரை உள்ளே இருந்தார். இழுப்பறைக்குள் இருந்த கதை அவருக்கு ஒரு நாளைக்கூடக் குறைக்கவில்லை. அச்சேறாத எழுத்துக்கு என்னால் மதிப்பெண் போட முடியாது, மன்னிக்க வேண்டும்.

இன்னொன்றும் சொல்கிறேன். மேற்கு ஜெர்மனியும் இந்த விஷயத்தில் யோக்கியம் இல்லை. 1962-இல் லுக்டர்ஹாண்ட் பதிப்பகம் ‘ஏழாவது சிலுவை’யை அங்கே வெளியிட்டபோது, கம்யூனிஸ்டின் புத்தகம் எதற்கு என்று பெரிய எதிர்ப்பு. பிறந்த ஊரான மைன்ஸ் 1981-இல் கௌரவக் குடிமகள் பட்டம் கொடுத்தபோதும் சண்டைதான். புத்தகத்தைத் திறக்காமலே கட்சி அட்டையை வைத்து எடை போட்டார்கள். நம் இழையில் அது நடக்க வேண்டாம். யாங்காவுக்காக நான் அவர்மேல் கோபப்படுகிறேன். ஆனால் ‘ஏழாவது சிலுவை’யை அச்சுக்குக் கொண்டுவந்ததை யாங்கா பெருமையாகத்தான் நினைத்திருப்பார், எனக்கு அதில் சந்தேகமில்லை.

நிலாமுற்றம்

எதிலிருந்து தொடங்கலாம்? கிழக்கு ஜெர்மனியில் எழுதிய பெரிய நாவல்கள் எப்படி?

தேன்மொழி

முதலில் ‘இறந்த சிறுமிகள்’ கதை, ஒரே மூச்சில் முடித்துவிடலாம். அப்புறம் ‘ஏழாவது சிலுவை’. ஆரம்பத்தில் பெயர்கள் குழப்பும், ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள். இரண்டுக்கும் பிறகு ‘டிரான்சிட்’டை மறுபடி படித்தால் வேறு மாதிரி இருக்கும். ‘தீர்மானம்’ (1959), ‘நம்பிக்கை’ (1968) இரண்டும் கட்சிக்காகக் கஷ்டப்பட்டு எழுதியவை. 1953 எழுச்சியை மேற்கின் தூண்டுதல் என்று காட்டுகிறது ‘நம்பிக்கை’, அங்கே பாத்திரங்களுக்கு உயிரே இல்லை. கரீபியக் கதைகளைத் தவறவிடாதே. ஹைட்டி, குவாதலூப் அடிமைகளின் எழுச்சியும், பிரெஞ்சுப் புரட்சி அவர்களுக்குக் கொடுத்த வாக்கு எப்படி மீறப்பட்டது என்பதும். தன் நாட்டைப் பற்றிச் சொல்ல முடியாததை அங்கே கொஞ்சம் சொல்லியிருக்கிறார் என்பது என் எண்ணம்.

வடகரை

‘ஏழாவது சிலுவை’யை நான் படிப்பேன், ஹெல்விக் சட்டைக்காகவே படிப்பேன். ஒரு வேண்டுகோள் மட்டும். இழையைப் புதிதாகத் திறப்பவர்கள் முதல் பதிவோடு போய்விடுவார்கள். 1957 விஷயத்தையும் யாங்கா பெயரையும் அங்கேயே சேர்த்துவிடுங்கள்.

கரிசல்காட்டான்

நியாயம். அச்சுக்கூடம் ஐயா எழுதிய பதிவை முதல் பதிவின் கீழேயே அப்படியே இணைக்கச் சொல்லி நிர்வாகியிடம் கேட்டிருக்கிறேன்.